நீர்மூழ்கியை மூச்சுவிட விடாத விமானங்கள்

பெரம்பலூருக்கும் அரியலூருக்கும் கடற்கரை கிடையாது. அரியலூரில் இருந்து நேர்கோட்டில் கிழக்கே போனால் கடலைத் தொட 80 கிலோமீட்டருக்கு மேல் ஆகும். ஆனாலும் இரண்டாம் உலகப் போரின்போது, அன்றைய திருச்சிராப்பள்ளி மாவட்டத்தின் பெரம்பலூர், உடையார்பாளையம் தாலுகாக்களாக இருந்த இந்த நிலம் இரண்டு ராணுவ ஓடுதளங்களுக்கு நடுவே கிடந்தது. தெற்கே கொள்ளிடத்தைத் தாண்டி, அரியலூரில் இருந்து 50 கிலோமீட்டருக்குள் தஞ்சாவூர். வடக்கே 70 கிலோமீட்டர் சுமாருக்கு உளுந்தூர்பேட்டை. இவற்றில் தஞ்சாவூரில், 1942 அக்டோபர் 22 அன்று, பிரிட்டிஷ் விமானப்படையின் 36-ஆம் ஸ்குவாட்ரன் மீண்டும் அமைக்கப்பட்டது. நெல்வயல்களுக்கு நடுவே இருந்து கிளம்பிய அந்த விமானங்களுக்குக் கொடுக்கப்பட்ட வேலை வங்கக் கடலில் நீர்மூழ்கிகளைத் தேடுவது. கிழக்குக் கரையோரம் போகும் சரக்குக் கப்பல்களுக்குக் காவல் இருப்பது.

கடல் தொலைவில் இருந்தாலும் கடல்வழி இந்த ஊர்களுக்குத் தொலைவில் இல்லை. மலாயாவின் ரப்பர் தோட்டங்களுக்கு ஆள் அனுப்பிய மாவட்டங்களில் திருச்சிராப்பள்ளி முன்வரிசையில் இருந்தது. சென்னையிலும் நாகப்பட்டினத்திலும் ஆளேற்றிக்கொண்டு பினாங்குக்கும் சிங்கப்பூருக்கும் போய்வந்த ரஜூலா கப்பலின் பெயர் தெரியாத பெரியவர்கள் அந்தத் தலைமுறையில் குறைவு. பர்மா அரிசி கடல்வழியாகத்தான் வந்தது. 1942 பிப்ரவரியில் சிங்கப்பூரும் மார்ச்சில் ரங்கூனும் ஜப்பானியர் கையில் விழுந்தபோது அரிசியும் நின்றது, கடிதமும் நின்றது, மணியார்டரும் நின்றது. கடல்வழி என்பது அடுப்பு வரைக்கும் வரும் சங்கதி என்பதை உள்நாட்டு ஊர்கள் உணர்ந்தது அந்த வருடம்தான்.

அந்த நேரத்தில் இந்தக் கரைக்கு மேலே கண்காணிப்பு என்று இருந்தது மிகச் சொற்பம். போர் தொடங்கியபோது இந்திய விமானப்படையின் தொண்டர் பிரிவைக் கொண்டு, சென்னை, பம்பாய், கல்கத்தா, கராச்சி, கொச்சி, விசாகப்பட்டினம் ஆகிய துறைமுகங்களுக்கு ஒன்று வீதம் கடலோரக் காவல் விமானப் பிரிவுகள் அமைக்கப்பட்டன. சென்னைப் பிரிவு பரங்கிமலையில் இருந்தது. கொடுக்கப்பட்டவை வாபிட்டி போன்ற பழைய இருதள விமானங்கள். அதுவும் போதாமல், இம்பீரியல் ஏர்வேஸ் நிறுவனம் பயணிகளை ஏற்றிச் சென்ற அடலான்டா விமானங்களை வாங்கி, துப்பாக்கி பொருத்தி, வங்கக் கடலுக்கு மேலே அனுப்பினார்கள். அவற்றை ஓட்டிக்கொண்டு மணிக்கணக்கில் நடுக்கடலுக்குப் போய்வந்த இளைஞர்களின் துணிச்சலைப் பற்றித் தமிழில் நாம் எழுதியது மிகக் குறைவு. அது எனக்கு உண்மையிலேயே வருத்தம்.

கண்கள் போதாமல் போனால் என்ன ஆகும் என்பதை 1942 ஏப்ரல் முதல் வாரம் காட்டியது. நான்காம் தேதி மாலை, இலங்கையின் தென்கரையில் உள்ள கொக்கலை ஏரியில் இருந்து கிளம்பிய ஒரே ஒரு கேட்டலினா விமானம், தீவுக்குத் தெற்கே பல நூறு கிலோமீட்டர் தொலைவில் ஜப்பானிய விமானந்தாங்கிக் கப்பல்களின் அணியைக் கண்டது. கனடாவைச் சேர்ந்த லெனார்ட் பிர்ச்சல் அந்த விமானத்தின் தலைவர். செய்தியை ஒலிபரப்பிக்கொண்டிருக்கும்போதே விமானம் சுட்டு வீழ்த்தப்பட்டது. ஒன்பது பேரில் ஆறு பேர் உயிர்தப்பிக் கைதிகள் ஆனார்கள். ஆனாலும் செய்தி கொழும்புக்கு எட்டிவிட்டது. மறுநாள் ஈஸ்டர் ஞாயிறு காலைத் தாக்குதலுக்கு முன்பே துறைமுகத்தில் இருந்த கப்பல்களில் பெரும்பாலானவை வெளியேற முடிந்தது. அதே நாட்களில் வங்கக் கடலுக்குள் நுழைந்த இன்னொரு ஜப்பானிய அணியை அப்படி உரிய நேரத்தில் அடையாளம் கண்டு எச்சரிக்கும் அளவுக்கு விமானங்கள் இல்லை. இருபதுக்கும் மேற்பட்ட சரக்குக் கப்பல்கள், ஒரு லட்சம் டன்னுக்கும் அதிகமாக, சில நாட்களில் மூழ்கின. ஏப்ரல் 6-இல் காக்கிநாடாவிலும் விசாகப்பட்டினத்திலும் குண்டு விழுந்தது. சென்னையில் மக்கள் மூட்டை கட்டிக்கொண்டு உள்நாட்டு ஊர்களை நோக்கிக் கிளம்பினார்கள். அரசு அலுவலகங்களே உள்மாவட்டங்களுக்கு மாறின.

தஞ்சாவூருக்குப் படை வந்தது இந்தப் பின்னணியில்.

இனி விஷயத்தின் அறிவியலுக்கு வருவோம். கப்பலில் பாய்மரத் தட்டில், கடல்மட்டத்தில் இருந்து 20 மீட்டர் உயரத்தில் நிற்பவருக்குத் தொடுவானம் 16 கிலோமீட்டரில் முடிந்துவிடும். பூமி உருண்டை என்பதால் அதற்கு மேல் கடலின் முதுகு மறைத்துவிடுகிறது. 1,000 மீட்டர் உயரத்தில் பறப்பவருக்கு அதே தொடுவானம் 113 கிலோமீட்டருக்குத் தள்ளிப்போகும். உயரத்தின் வர்க்கமூலத்தை 3.57-ஆல் பெருக்கினால் கிலோமீட்டரில் விடை வந்துவிடும், பள்ளிக்கூடக் கணக்குதான்.

ஆனால் தொடுவானம் வரை கடல் தெரிவது வேறு, அதில் மிதக்கும் சின்னஞ்சிறு நீர்மூழ்கிக் கோபுரம் தெரிவது வேறு. வெயில் மினுமினுப்பு, புழுக்கத்தால் எழும் மூட்டம், வெள்ளை நுரை எல்லாம் சேர்ந்து பார்வையைச் சுருக்கிவிடும். பக்கத்துக்கு 20 கிலோமீட்டர் என்று தாராளமாகவே வைத்துக்கொள்வோம். மணிக்கு 200 கிலோமீட்டர் வேகத்தில் 15 மணி நேரம் பறக்கும் விமானம் ஒரு நாளில் 1,20,000 சதுர கிலோமீட்டரைத் துழாவலாம். ஏறக்குறையத் தமிழ்நாட்டின் பரப்பு. வங்கக் கடலோ 21 லட்சம் சதுர கிலோமீட்டருக்கும் அதிகம். பதினெட்டு விமானங்கள் ஒரு முழுநாள் பறந்தால் ஒருமுறை பார்த்து முடிக்கலாம். முடிப்பதற்குள் முதலில் பார்த்த இடத்துக்கு நீர்மூழ்கி வந்திருக்கும்.

அப்படியானால் ரோந்து வீண்தானா? இந்தக் கேள்விக்கான விடை நீர்மூழ்கியின் வயிற்றுக்குள் இருக்கிறது. அந்தப் போரின் நீர்மூழ்கி பெயருக்குத்தான் மூழ்கி. உண்மையில் அது தேவைப்படும்போது மட்டும் முங்கத் தெரிந்த மேல்நீர்ப் படகு. நீருக்கு மேலே டீசல் எஞ்சினில் ஓடும்; உள்ளே போனால் எஞ்சினுக்குக் காற்று கிடையாது, பேட்டரிதான் கதி. இந்தியப் பெருங்கடலுக்கு வந்த ஜெர்மனியின் ஒன்பதாம் வகைப் படகை எடுத்துக்கொள்ளுங்கள். மேலே மிதந்தபடி மணிக்கு 18 கிலோமீட்டர் நிதானத்தில் போனால் ஏறத்தாழ 25,000 கிலோமீட்டர் போகும். அவசரத்துக்கு 33 கிலோமீட்டர் வேகமும் பிடிக்கும். முங்கிவிட்டாலோ மணிக்கு ஏழு கிலோமீட்டர் வேகத்தில் சுமார் 115 கிலோமீட்டர் போவதற்குள் பேட்டரி காலி. பிறகு மேலே வந்து, மணிக்கணக்கில் டீசலை ஓட்டி மின்னேற்றியாக வேண்டும்.

சரக்குக் கப்பல் மணிக்கு 18 கிலோமீட்டரில் போகிறது. ஏழில் நகரும் நீர்மூழ்கி அதைத் துரத்திப் பிடிக்கவே முடியாது. அதனால் கப்பலைத் தொலைவில் கண்டதும் மேல்மட்டத்திலேயே சுற்றிவளைத்து ஓடி, அதன் பாதைக்கு முன்னால் போய், அங்கே முங்கிக் காத்திருப்பதுதான் அதன் தந்திரம். அந்த ஓட்டத்தின் நடுவே வானத்தில் ஒரு விமானம் தெரிந்துவிட்டால் போதும், மாலுமிகள் படகை உள்ளே இறக்கிவிடுவார்கள். விமானம் குண்டு போட வேண்டியதில்லை. படகைப் பார்த்திருக்கக்கூட வேண்டியதில்லை. ஒரு மணி நேரம் கழித்துத் தலையை நீட்டும்போது கப்பல் கண்ணுக்கு எட்டாத தூரம் போயிருக்கும். பெரம்பலூர்ப் பக்கம் சோளக் கொல்லையில் பரண்மேல் இருப்பவர் எத்தனை கிளியை அடித்தார் என்று யாரும் கேட்பதில்லை, கதிர் வீடு வந்து சேர்ந்ததா என்றுதான் கேட்பார்கள். கடல் ரோந்துக்கும் அதே கணக்கு. மூழ்கடித்த நீர்மூழ்கிகளை எண்ணி இந்தப் படைகளுக்கு மதிப்பெண் போடுவது தவறு என்பது என் உறுதியான எண்ணம்.

இந்தப் பாடம் முதல் உலகப் போரிலேயே கற்கப்பட்டது. 1917-இல் இங்கிலாந்தின் ஃபெலிக்ஸ்டோ கடல்விமான தளத்தினர் வடகடலில் ஒரு விளக்குக் கப்பலை மையமாக வைத்து, 60 கடல் மைல் அகலத்துக்கு எண்கோண வடிவில் வரைபடத்தில் கோடுகள் இழுத்தார்கள். மையத்தில் இருந்து எட்டு ஆரங்கள், குறுக்கே மூன்று வளையங்கள். பெயர் சிலந்தி வலை. சுமார் 4,000 சதுர மைல் கடல். மேல்நீரில் சிக்கனமான வேகத்தில் அதைக் கடக்க நீர்மூழ்கிக்குப் பத்து மணி நேரம் பிடித்தது. அதற்குள் விமானம் வலையின் கணிசமான பகுதியைச் சுற்றிவந்துவிடும். அதே 1917-இல் நம் பக்கத்துக் கடலில் நடந்தது நேர்மாறு. வோல்ஃப் என்ற ஜெர்மானிய வேட்டைக் கப்பல், தன்னிடம் இருந்த சிறு கடல்விமானத்தை அனுப்பி இரையைத் தேடியது. கொழும்புக்கும் பம்பாய்க்கும் வெளியே கண்ணிவெடி விதைத்துவிட்டுத் தப்பியும் போனது. மூன்று ஆண்டுகளுக்கு முன் எம்டன் என்ற ஜெர்மானியப் போர்க்கப்பல் சென்னையைச் சுட்டபோதும் சரி, அப்போதும் சரி, காவல் பக்கம் வானம் காலியாகவே இருந்தது.

தஞ்சாவூருக்கு வந்த 36-ஆம் ஸ்குவாட்ரனுக்கு ஒரு துயரமான முன்கதை உண்டு. சிங்கப்பூரில் இருந்த படை அது. வில்டபீஸ்ட் என்ற, மணிக்கு 200 கிலோமீட்டரைத் தாண்டத் திணறும் இருதள விமானங்கள். 1942 ஜனவரி 26 அன்று மலாயாவின் எண்டாவ் கரையில் இறங்கிய ஜப்பானியரைப் பட்டப்பகலில் தாக்கச் சொன்னார்கள்; போனவற்றில் பல திரும்பவில்லை. மிச்சம் ஜாவாவில் அழிந்தது, ஆட்கள் சிறைப்பட்டார்கள். அந்தப் பெயரில் மறுபடி ஒரு படையைக் கட்டியது தஞ்சாவூரில். கிடைத்தவை வெலிங்டன் குண்டுவீச்சு விமானங்கள். உலோகச் சட்டங்களைக் கூடைபோலப் பின்னி, மேலே துணி போர்த்திப் பூச்சு பூசிய உடல் அவற்றுக்கு. பின்னர் வந்த எட்டாம் ரகத்தில் முதுகின்மேல் வரிசையாகக் கம்பங்கள் நட்டிருந்தன. நீர்ப்பரப்பில் இருக்கும் படகைத் தேடும் ரேடாரின் ஏரியல்கள் அவை.

ஒரு ரோந்துப் பறப்பின் உள்ளே கொஞ்சம் எட்டிப் பார்க்கலாம். கரையைத் தாண்டியதும் அடையாளம் என்று எதுவும் இல்லை. திசைகாட்டி, வேகமானி, கடிகாரம், பென்சில். காற்று எந்தப் பக்கம் எவ்வளவு தள்ளுகிறது என்பதை வழிகாட்டி கீழே பார்த்துக் கணிக்க வேண்டும். புகை கக்கும் மிதவை ஒன்றைப் போட்டு, அது விமானத்தின் போக்கில் இருந்து எத்தனை டிகிரி விலகுகிறது என்று கருவியில் அளப்பார். ஒரு டிகிரி தவறினால் ஒவ்வொரு 60 கிலோமீட்டருக்கும் ஒரு கிலோமீட்டர் விலகல். 600 கிலோமீட்டர் போனால் 10 கிலோமீட்டர். தேடி வந்த கப்பல் அணி மூட்டத்துக்குள் தப்பிவிட அது போதும். தஞ்சாவூர்ப் படை உருவானதே ஐப்பசி அடைமழைக் காலத்தில் என்பதை மறக்கக் கூடாது. வடகிழக்குப் பருவக்காற்றில் கடல் பொங்கும்போது ஒவ்வொரு அலையும் ரேடார் அலையைத் திருப்பி அனுப்பும். திரை முழுக்கப் புல் முளைத்ததுபோல் கோடுகள். அதற்குள் எது படகு?

அந்தத் திரையை உற்றுப் பார்த்தவர்களின் களைப்பில் இருந்து ஒரு தனி அறிவியலே பிறந்தது. நீண்ட ரோந்துகளில் ரேடார் இயக்குபவர்கள் தெளிவான புள்ளியைக்கூடத் தவறவிடுகிறார்கள் என்று பிரிட்டிஷ் விமானப்படை கவலைப்பட, கேம்பிரிட்ஜில் நார்மன் மேக்வொர்த் என்ற உளவியலாளர் ஒரு கடிகாரம் செய்தார். எண்களே இல்லாத முகப்பில் ஒரு முள், நொடிக்கு ஒரு தாவல். எப்போதாவது ஒருமுறை மட்டும் இரட்டைத் தாவல். அதைக் கண்டால் பொத்தானை அழுத்த வேண்டும். முதல் அரை மணி நேரத்திலேயே கவனம் கணிசமாகச் சரிந்துவிடுவது தெரியவந்தது. அரை மணிக்கு ஒருமுறை ஆளை மாற்றினால் சரிவு தடுக்கப்பட்டது. 1948-இல் வெளியான அந்த ஆய்வு, இன்று விமானப் போக்குவரத்துக் கட்டுப்பாட்டு அறைகளில் இருந்து அணு மின்நிலையம் வரை பணிமுறை வகுப்பவர்கள் படிக்கும் பாடம்.

தஞ்சாவூர் வெலிங்டன்கள் எட்டு, பத்து மணி நேரம் பறக்கக்கூடியவை. அதற்கும் அப்பால், அந்தமான் வரைக்கும் பார்க்க வேண்டுமானால் கேட்டலினாக்கள்தான். அவை நின்றது சென்னைக்குக் குடிநீர் தரும், செங்குன்றம் ஏரி என்றும் அழைக்கப்படும் புழல் ஏரியில். அடிப்பாகம் படகுபோல் இருப்பதால் ஓடுதளமே வேண்டாம், தண்ணீரே போதும். 1942 நடுவில் 240-ஆம் ஸ்குவாட்ரன் அங்கே வந்தது. போர் முடியும் வரை செங்குன்றம் ஏரித்தளம் என்ற பெயர் விமானப்படைக் குறிப்புகளில் தொடர்ந்து வருகிறது. 32 மீட்டர் நீள இறக்கை, இரண்டு எஞ்சின், இருபது மணி நேரத்துக்கும் மேல் வானத்தில் இருக்கும் திறன். உள்ளே படுக்கையும் சிறு சமையலடுப்பும் உண்டு. விமானத்தின் இடுப்பில் இருபுறமும் கண்ணாடிக் குமிழ்கள்; அவற்றுக்குள் உட்கார்ந்து இருவர் கடலையே பார்த்துக்கொண்டு வருவார்கள்.

இதற்கெல்லாம் பின்னால் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தவர்களில் முக்கியமானவர் இயற்பியலாளர் பேட்ரிக் பிளாக்கெட். பின்னாளில் நோபல் பரிசு பெற்றவர். சுதந்திர இந்தியாவின் பாதுகாப்பு அறிவியலுக்கு நேருவின் அழைப்பில் ஆலோசனை சொன்னவர். 1941-இல் பிரிட்டிஷ் கடலோர விமானப்படையில் அவருடைய குழு கேட்ட கேள்விகள் எளிமையானவை. விமானங்களுக்கு ஏன் கறுப்பு வண்ணம்? இரவுக் குண்டுவீச்சுக்குப் பூசியது, அப்படியே இருக்கிறது. வெளிறிய பகல் வானத்தில் கறுப்பு முன்கூட்டியே தெரிந்துவிடுமே! அடிப்பாகத்துக்கு வெள்ளை பூசினார்கள். விமானம் கண்ணில் படும் தூரம் ஐந்தில் ஒரு பங்கு குறைந்தது. படகு முங்குவதற்குள் எட்டிப்பிடிக்கும் வாய்ப்பு கூடியது.

இன்னொன்று அதைவிட அருமை. நீருக்குள் வெடிக்கும் குண்டுகளை 100 அடி ஆழத்தில் வெடிக்கும்படி வைத்திருந்தார்கள். முங்கிய படகு அதற்குள் அவ்வளவு ஆழம் போயிருக்கும் என்பது எண்ணம். ஈ. ஜே. வில்லியம்ஸ் என்ற இயற்பியலாளர் அதை மறுத்தார். விமானத்தை முன்பே பார்த்துவிட்ட படகு ஆழம் போயிருக்கும், உண்மை. ஆனால் அது எந்தப் பக்கம் திரும்பியது என்பதே தெரியாது, எப்படியும் குண்டு படாது. கடைசி நொடியில் பார்த்த படகோ இன்னும் மேல்மட்டத்திலேயே இருக்கும், அதன் இடமும் துல்லியமாகத் தெரியும். 100 அடியில் வெடிக்கும் குண்டு அதை உலுக்குவதோடு சரி. ஆகவே 25 அடிக்கு மாற்றுங்கள் என்றார். மாற்றியதும் பலன் பல மடங்கு. பிடிபட்ட ஜெர்மானிய மாலுமிகள், குண்டின் மருந்து அளவை இரண்டு மடங்காக்கிவிட்டார்கள் என்று நினைத்தார்களாம். வெடிக்கும் ஆழத்தை மாற்றி வைத்ததற்கு இத்தனை விளைவு.

நம் கடல் அதன்பிறகு பத்திரமாகிவிட்டது என்று சொல்ல முடியாது. 1942 நவம்பர் 23 அன்று, பம்பாயில் இருந்து ஆப்பிரிக்காவுக்குப் போன திலாவா பயணிகள் கப்பலை ஜப்பானின் ஐ-29 நீர்மூழ்கி அரபிக் கடலில் மூழ்கடித்தது; 280 பேர் இறந்தார்கள். ரஜூலா போய்வந்த அதே பினாங்கு 1943-இல் ஜெர்மானிய நீர்மூழ்கிகளுக்கும் தளமாகிவிட்டது. 1944 பிப்ரவரி 11 அன்று விசாகப்பட்டினத்துக்கு அருகே கப்பல் அணியைத் தாக்கிய ரோ-110 நீர்மூழ்கியை, இந்தியக் கடற்படையின் ஜம்னாவும் இரண்டு ஆஸ்திரேலியக் கப்பல்களும் சேர்ந்து மூழ்கடித்தன. மறுநாளே மாலத்தீவு அருகே கேதிவ் இஸ்மாயில் என்ற படைக்கப்பல் தாக்கப்பட்டு, இரண்டு நிமிடங்களுக்குள் மூழ்கி, 1,297 பேர் மாண்டார்கள். கடல் பெரிது, விமானங்கள் குறைவு, கிடைத்தவற்றில் நல்லவை அட்லாண்டிக்குக்கே முதலில் போயின.

தஞ்சாவூர்ப் படையையும் 1943 ஜூனில் அல்ஜீரியாவுக்கு அழைத்துக்கொண்டார்கள். அங்கே 1944 மே மாதம் யு-616 என்ற ஜெர்மானிய நீர்மூழ்கியைத் துரத்தியதில் 36-ஆம் ஸ்குவாட்ரன் வெலிங்டன்களுக்கும் பங்கு உண்டு. மூன்று நாள் வேட்டை. அமெரிக்க நாசகாரிக் கப்பல்கள் கீழே, விமானங்கள் மாறிமாறி மேலே. பேட்டரிக்கு மின்னேற்ற விடவே இல்லை. மே 17 அன்று வேறு வழியின்றி மேலே வந்த படகு அழிக்கப்பட்டது. மூச்சுவிட விடாதே என்ற கொள்கையின் முழு வடிவம் அது. பிரிட்டனின் தேசிய ஆவணக் காப்பகத்தில் விமானப்படை ஸ்குவாட்ரன்களின் நாட்குறிப்பேடுகள் இருக்கின்றன. தஞ்சாவூர் மாதங்களுக்கான பக்கங்களையும் அதே நாட்களில் கிழக்குக் கரையில் போன கப்பல் அணிகளின் பட்டியலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, யாராவது ஒரு தமிழ் ஆய்வாளர் வரைபடம் போட்டுத் தர வேண்டும் என்று ஆசைப்படுகிறேன்.

ஓடுதளங்கள் அங்கேயே இருந்தன. தஞ்சாவூரில் 2013-இல் இந்திய விமானப்படை முழு அளவில் மீண்டும் குடிபுகுந்தது. 2020 ஜனவரி 20 அன்று பிரம்மோஸ் ஏவுகணை தாங்கும் சுகோய்-30 விமானங்களோடு 222-ஆம் ஸ்குவாட்ரன் அங்கே தொடங்கப்பட்டது; அதன் முக்கிய வேலையும் கடல்தான். தேடும் பணி அரக்கோணத்தில் உள்ள கடற்படையின் ஐ.என்.எஸ். ராஜாளி தளத்தினுடையது. 2013 மே மாதம் முதல் அங்கே பி-8ஐ ரோந்து விமானங்கள் இருக்கின்றன.

வேலையின் அடிப்படைக் கணக்கு இப்போது மாறிவிட்டது. அணுசக்தி நீர்மூழ்கி மாதக்கணக்கில் மேலே வராது. டீசல் நீர்மூழ்கிகளும் காற்றுக் குழாயை மட்டும் நீட்டிக்கொள்ளக் கற்றுவிட்டன. ஆகவே கண்ணையும் ரேடாரையும்விடக் காதுக்கு வேலை அதிகம். ஒலிவாங்கி பொருத்திய மிதவைகளை விமானம் கோலமாகத் தூவிவிட்டு, நீருக்கடியில் எஞ்சின் முனகலைக் கேட்கிறது. வங்கக் கடலில் இது லேசான காரியம் இல்லை. கங்கை, பிரம்மபுத்திரா, ஐராவதி, கோதாவரி எல்லாம் கொண்டுவந்து கொட்டும் நன்னீர், உப்புநீருக்கு மேல் தனிப் படலமாக விரிந்து கிடக்கிறது. வெப்பமும் உப்பும் மாறும் இடத்தில் ஒலி வளைந்துவிடும். பக்கத்தில் இருக்கும் படகு கேட்காது, தொலைவில் இருப்பது கேட்கும். அதனால் இத்தகைய விமானங்கள் தேடலைத் தொடங்குவதற்கு முன், ஆழம்வாரியாக நீரின் வெப்பநிலையை அளந்து சொல்லும் மிதவை ஒன்றைப் போட்டு, அன்றைய கடலில் ஒலி எப்படிப் போகும் என்று கணக்குப் போட்டுக்கொள்கின்றன. மற்ற மிதவைகளை எந்த இடைவெளியில், எந்த ஆழத்தில் இறக்குவது என்பதை அந்தக் கணக்குதான் முடிவு செய்கிறது.